அளவு ஜாக்கெட்

நீயே ஜன்னலோரம் உக்காரும்மா. எனக்கு வேண்டாம், காத்து மூஞ்சில அடிச்சா தலைவலி வந்துரும். எங்க வடிவுக்குத்தான் ஜன்னலோரம் இல்லன்னா ஆவாது. ஒரு தடவ திருச்செந்தூர் போறப்போ ஜன்னல் சீட்டு கிடைக்கலன்னு படியிலயே நின்னு அழுதா. அந்த பஸ்ச விட்டுட்டு அடுத்த பஸ்சுலதான் போனோம். அவ அப்பா அப்படிச் செல்லம் குடுத்து வச்சிருந்தாவ.

இந்தப் பையா? மடியிலயே இருக்கட்டும். மேல வைக்க மனசு இல்ல, கீழ வைக்கக் கூடாது. துணிதான். நீ எதுவரைக்கும் போற? மதுரையா, நல்லதாப் போச்சு. நானும் மதுரைதான், சின்னவ வீட்டுக்கு. படிக்கியா, வேலைக்குப் போறியா? வேலையா. கல்யாணம் ஆயிட்டா? இல்ல, காலுல மெட்டியக் காணோமேன்னு கேட்டேன். இந்தக் காலத்துல கல்யாணம் ஆனவளுவளும்தான் மெட்டி போடுததில்ல. ஆகலையா. நல்லது, நல்லது. தப்பா நினைக்காத. எதையும் பட்டுன்னு கேட்டுருவேன், எங்க வீட்டுக்காரவிய அதுக்கே என்னைய ஏசுவாவ.

எனக்கு ரெண்டு பொண்ணு. மூத்தவ வடிவு, சண்முகவடிவுன்னு பேரு. அடுத்தது சின்னவ. ரெண்டு பேருக்கும் மூணு வயசு வித்தியாசம், ஆனா ஒரே வயித்துல பிறந்ததுகன்னு சொல்ல மாட்ட. வடிவு அப்பா வழி. நல்ல உசரம், அகலத் தோளு, சிரிச்சா அடுத்த வீட்டுக்குக் கேக்கும். சின்னவ என்னைய மாதிரி நரம்பு. என்னத்தத் தின்னாலும் உடம்புல ஒட்டாது. அவ வீட்டுல இருக்காளா இல்லையான்னே தெரியாது, அப்படி ஒரு அமைதி.

வடிவு என்ன பண்ணுதாளா? அவ வீட்டோடதான் இருக்கா. ஆறாங்கிளாஸ் படிக்கும்போது காய்ச்சல்ல போயிட்டா.

மூஞ்ச ஏன் அப்படி ஆக்குத? அது பழைய கதை. நான் அழ வேண்டியத எல்லாம் அப்பவே அழுதுட்டேன். இப்ப உன்கிட்ட சொல்ல வந்த வருத்தம் வேற.

எங்க ஆளுக வழக்கம் உனக்குத் தெரியுமோ என்னமோ. கல்யாணம் காணாம ஒரு பொம்பளப் பிள்ளை போயிட்டா, அது போறதில்ல. அது கன்னி. வீட்டுச் சாமி. அதுக்குன்னு ஒரு ஓலைப்பெட்டி, அதுல பாவாடை சட்டை, சீப்பு, வளையலு, ரிப்பன் எல்லாம் வைக்கணும். வருசத்துக்கு ஒருக்க, தை மாசம், சர்க்கரைப் பொங்கல் பொங்கி வச்சு, பெட்டியத் திறந்து புதுத்துணிய உள்ள வைக்கணும். போன வருசத்துத் துணிய வெளிய எடுக்கணும். எடுத்தத வீட்டுல பிறந்த பொண்ணு ஒண்ணு உடுத்திக்கணும். வீட்டுல பொண்ணு இல்லன்னா கல்யாணமாகாத எந்தப் பிள்ளை உடுத்தினாலும் சரிதான். உடுத்தினாத்தான் அந்தத் துணி அதுக்குப் போய்ச் சேரும். உடுத்தலன்னா கன்னி அந்த வருசம் பூரா அம்மணமாத் திரியும்னு எங்க மாமியா சொல்லுவாவ. அதக் கேட்டதுல இருந்து நான் ஒரு வருசமும் துணி வைக்காம விட்டதில்ல.

எங்க நாத்தனா வீட்டுலயும் ஒரு கன்னி உண்டு. அவிய எந்தக் காலத்துல இருந்தோ அதே குட்டிச் சித்தாடைதான் வாங்கி வைக்காவ, பொம்மைக்குப் போடுத மாதிரி. எனக்கு அது மனசு ஒப்பல. நீயே சொல்லு, பிள்ளைன்னா வளருமா வளராதா? ஆறாங்கிளாஸ்லயே அவள நிறுத்தி வைக்க நான் யாரு? அதனால வருசத்துக்கு வருசம் அளவ கூட்டிக்கிட்டே வந்தேன். பாவாடை சட்டை, அப்புறம் சுடிதாரு, ஒரு வருசம் ஆசைக்குத் தாவணி, அப்புறம் சேலை ஜாக்கெட்டு. எங்க பிளாட்டுக்குக் கீழ்வீட்டுல பாக்கியத்தாய்னு டைலரு. மொதல்ல அவளுக்குப் பயம். செத்த பிள்ளைக்கு எந்த அளவக்கா வைக்கட்டும்னு கேட்டா. நான் சொல்லுதேன், நீ வெட்டுன்னேன். நாத்தனா பொண்ணுக எல்லாம் அந்த வார்ப்புதான, அத வச்சு ஒரு கணக்கு. மிச்சம் எனக்குத் தெரியாதா? பெத்தவளுக்குத் தெரியாம போயிருமா?

போன தைக்கு முந்தின தை வச்ச அளவு, தோளு பதினஞ்சு, மாரு முப்பத்தெட்டு, கை நீளம் பத்து. தூக்கத்துல எழுப்பிக் கேட்டாலும் சொல்லுவேன்.

சின்னவளுக்கா? அவளுக்குத் தனியா என்னத்த எடுக்க? அதான் வருசா வருசம் பெட்டியில இருந்து துணி வருதே. பள்ளிக்கூட யூனிபாரம் மட்டும் எடுப்போம். பெருசா இருக்கும்தான். பின்னு குத்திக்கிடுவா. எங்கள மாதிரி ரெண்டு ரூம் வீட்டுல எல்லாத்துக்கும் எங்க இடம் இருக்கு? பீரோவுல மேல் தட்டு வடிவுக்கு, பெட்டிய அங்கதான் வச்சிருக்கோம். மத்த தட்டுல எங்க துணி. சின்னவ துணி கட்டிலுக்கு அடியில சூட்கேஸ்ல. ஒரு நாளும் அவ குறை சொன்னதில்ல. ப்ளஸ் டூ படிக்கும்போது ஒரே ஒரு தடவ, எம்மா மேல் தட்டுல கொஞ்சம் ஒதுக்கித் தாரியான்னு கேட்டா. அக்கா இருக்காள்லாட்டின்னேன். சரின்னு போயிட்டா. சொன்னாக் கேக்குத பிள்ளை.

பேய் வீடுன்னு நினைச்சிராத. எங்க வீடு நல்ல வீடு. பீரோக் கதவு தானாத் திறக்கும், அவ்வளவுதான். அந்த ரூம்ல சில நாளு பிச்சிப்பூ மணக்கும், நாங்க யாரும் பூ வாங்கியிருக்க மாட்டோம். எனக்கு அது பயமே இல்ல. வீட்டுல ஆளு இருக்குன்னு ஒரு தெம்பு.

சின்னவளுக்குத் தெரியும். வடிவு போன அடுத்த வருசம், துணி உடுத்தின அன்னைக்கு, எம்மா அக்கா என் கட்டில்ல வந்து உக்காந்தான்னா. எங்கன உக்காந்தா, என்ன சொன்னா, என்னையத் தேடுனாளான்னு அவள மடியில தூக்கி வச்சுக்கிட்டுக் கேட்டேன். உன்னைய அழ வேண்டாம்னு சொன்னாம்மான்னா. அதுல இருந்து தினமும் பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் சொல்லுவா. இன்னைக்கு அக்கா சிரிச்சா. இன்னைக்கு அக்கா முட்டை கேட்டா. நானும் அடுப்ப அமத்திட்டு வந்து அவள மடியில வச்சுக்கிட்டு கேட்டுக்கிட்டே இருப்பேன். மத்த நேரம் எனக்கு எங்க மடி இருந்துச்சு, சொல்லு. ஏனோ தெரியல, எனக்கு ஒரு நாளும் கண்ணுல படாதவ அவகிட்ட மட்டும் பேசினா.

பத்தாங்கிளாஸ் வந்ததும் நின்னு போச்சு. இப்பல்லாம் அக்கா பேசுததில்லம்மான்னுட்டா. நீ என்னட்டி செஞ்ச, அவ கோவப்படுத மாதிரின்னு எனக்கு வந்த ஆத்திரத்துல கொஞ்ச நாளு அவகிட்ட முகம் குடுத்தே பேசல. அவளும் ஒரு மூலையில உக்காந்து படிச்சுக்கிட்டே இருந்தா. நல்ல மார்க்கு வாங்கினா, அதச் சொல்லணும்.

ஆனா வடிவு போயிரல, கேட்டியா. சின்னவ வளர வளர எனக்கு வேற மாதிரி தெரிய ஆரம்பிச்சிட்டு. சாயங்காலம் அவ அந்தத் துணியப் போட்டுக்கிட்டு அடுப்படியில முதுகு காட்டி நிப்பா. துணி தோள விட்டு அகலமா நிக்கும்லா, எனக்குப் பெரியவ மாதிரியே தெரியும். வடிவுன்னு வாயில வந்துரும். என்னம்மான்னு திரும்புவா. மொதல்ல நாக்கக் கடிச்சுக்கிடுவேன். அப்புறம் பழகிட்டு. அவ அப்பாவும் வடிவு தண்ணி கொண்டான்னா கொண்டு வந்து குடுப்பா. அவளும் ஒரு நாளும் ஏன்னு கேட்டதில்ல, எங்களுக்கும் ரெண்டு பிள்ளையும் இருக்க மாதிரி ஒரு நிறைவு.

இப்படி இருந்த வீடும்மா. இப்பப் பாரு.

கல்யாணம் கூடி வந்துச்சு. மாப்பிள்ளை மதுரை, நல்ல கம்பெனியில வேலை. முகூர்த்தச் சேலையும் ஜாக்கெட்டும் மாப்பிள்ளை வீட்டுலதான் எடுப்பாவ. சம்பந்தியம்மா ஃபோன் போட்டு, பொண்ணோட அளவு ஜாக்கெட்டு ஒண்ணு அனுப்பி வைங்க, அங்க குடுத்துத் தச்சுருதோம்னாவ. சின்னவ ஆபீசுக்குப் போயிருந்தா. சூட்கேஸத் திறந்தா அவளுக்குன்னு அளவெடுத்துத் தச்ச ஜாக்கெட்டு ஒண்ணே ஒண்ணு கிடக்கு, காலேஜ் விழாவுக்கு அவளே தச்சுக்கிட்டது. வெளுத்துப் போயி, கக்கத்துல நூலு பிரிஞ்சு. அதையா சம்பந்தி வீட்டுக்கு அனுப்ப? மேல் தட்டப் பாத்தேன். பெட்டிக்குள்ள புதுசா ஜாக்கெட்டு இருக்கு, பாக்கியத்தாய் தச்சது, அம்சமா. நல்ல காரியம், அக்கா ஆசீர்வாதத்தோட நடக்கட்டும்னு அத எடுத்து கூரியர்ல போட்டுட்டேன். கை தானாத்தான் அங்க போச்சு. நான் வேணும்னு செய்யல.

முகூர்த்தத்தன்னைக்கு காலையில அலங்காரம் பண்ணுத ரூம்ல சின்னவ அந்த ஜாக்கெட்டப் போடுதா, நிக்கவே மாட்டேங்கு. தோள விட்டு வழியுது. நெஞ்சு முழுக்க ஜரிகை வேலை செஞ்ச கனம் வேற. பியூட்டிஷியன் பிள்ளை பின்னு மேல பின்னா குத்துதா, அதுவும் இழுத்துக்கிட்டு நிக்கி. வெளிய மேளம் ஆரம்பிச்சிட்டாவ. சொந்தக்காரப் பொம்பளைக எல்லாம் வாயில கைய வச்சுக்கிட்டு நிக்காளுவ. நான் ஜாக்கெட்டத் தொட்டுப் பாத்தேன். அந்த வேலைப்பாடு, அந்தத் தோளு வெட்டு, எனக்குக் கண்ணுல தண்ணி வந்துட்டு.

“வடிவுக்குன்னா கச்சிதமா இருந்திருக்கும்”னேன்.

மனசுல நினைச்சது வாயில வந்துட்டு. சின்னவ கண்ணாடியில என்னையவே பாத்தா. பல்லுல ரெண்டு மூணு பின்ன கடிச்சுக்கிட்டு நின்னவ, அத ஒவ்வொண்ணா எடுத்து மேசையில வச்சா.

“எம்மா, என் தோளு அளவு என்னம்மா?”

தாலி ஏறப்போற நேரத்துல கேக்குத கேள்வியா இது? நீ ஒல்லிட்டின்னேன்.

“ஒல்லின்னா எம்புட்டு?”

எனக்கு அந்தப் பரபரப்புல வரல. யாருக்குத்தான் வரும்?

“அக்காவுக்கு?”

சொன்னேன். கேட்டா சொல்ல வேண்டியதுதான. தோளு, மாரு, கை நீளம் எல்லாம் சொன்னேன். சரின்னு தலைய ஆட்டிக்கிட்டா. அழல. அழாததும் நல்லதுதான், கண்ணு மை கலைஞ்சிருக்கும். அதுக்குள்ள சம்பந்தியம்மா ஊசியும் நூலும் எடுத்துட்டு வந்து, எந்திரி தாயின்னு அவள எழுப்பி நிறுத்தி, முதுகுல தன் கையால சாண் போட்டு அளந்தாவ. தோளுக்கு ஒண்ணு, இடுப்புக்கு ஒண்ணு. அங்கனயே உக்காந்து ரெண்டு பக்கமும் பிடிச்சுத் தச்சு விட்டாவ. எம் பொண்ண என் கண்ணு முன்னாலயே இன்னொருத்தி அளக்கா. எனக்கு அது கொஞ்சமும் பிடிக்கல. எல்லாம் நாங்க பாத்துக்கிட மாட்டமா? ஆனா சின்னவ அந்தம்மா கை படப் பட கண்ண மூடிக்கிட்டு நின்னா. கிறங்கிப் போன மாதிரி.

மறுவீட்டுக்கு வந்தா. அடுப்படியில தட்டுக் கழுவிக்கிட்டு நிக்கா. நான் பின்னால இருந்து வடிவுன்னு கூப்பிட்டேன். திரும்பல. காது கேக்கலையோன்னு இன்னொருக்க கூப்பிட்டேன். குழாயத் திறந்து விட்டுக்கிட்டு கழுவிக்கிட்டே இருக்கா. கிட்டப் போயி, ஏட்டி வடிவுங்கேன், அசையவே இல்ல. அன்னைக்குத்தாம்மா எனக்கு வாழ்க்கையில மொத மொதல்ல பயம் வந்துச்சு. அய்யோ, வடிவு வீட்ட விட்டுப் போயிட்டாளேன்னு.

அதுல இருந்து பீரோ திறக்கல. பிச்சிப்பூ மணக்கல. நானும் கதவத் திறந்து வச்சிட்டு உக்காந்து பாக்கேன், ஒண்ணும் இல்ல. வடிவு போன அன்னைக்குக்கூட எங்க வீடு இப்படிக் கிடக்கல, இப்பத்தான் இழவு வீடாக் கிடக்கு. எங்க வீட்டுக்காரவிய டிவி முன்னாலயே உக்காந்திருக்காவ. ஒரு நாளு மெதுவா, பெட்டிய தாமிரபரணியில விட்டுருவமான்னு கேட்டாவ. நான் அவிய தட்டுல சோறு வைக்காமலே எந்திரிச்சுப் போயிட்டேன்.

போன தைக்கு சின்னவ வரல. வா, வந்து ஒரு தடவ உடுத்திட்டுப் போன்னு எத்தன ஃபோன் போட்டேன். லீவு இல்லன்னா. உடம்பு சரியில்லன்னா. புதுத்துணிய உள்ள வச்சுட்டு பழச வெளிய எடுத்தாச்சு, உடுத்த ஆளு இல்ல. அன்னைக்கு எடுத்த சேலையும், சம்பந்தி வீட்டுல இருந்து திரும்பி வந்த அளவு ஜாக்கெட்டும் இந்தா இந்தப் பையிலதான் இருக்கு. எங்க வீட்டுக்காரவியளுக்குத் தெரியாது. எம் பிள்ளை இந்த வருசம் பூரா எப்படித் திரியுதாளோ, நினைச்சா தூக்கம் வருமா?

என்ன கேட்ட? சின்னவ பேரா? சொல்லலையா நான் இவ்வளவு நேரம்? அனுசூயா. அனுன்னு கூப்பிடுவாவ. அவ ஃபிரெண்டுக, அவ வீட்டுல எல்லாம்.

அவ இப்ப மாசமா இருக்கா, ஏழாம் மாசம். கல்யாணத்துக்கு அப்புறம் இன்னைக்குத்தான் அவ வீட்டுக்கு மொத மொதலாப் போறேன், கூப்பிட்டாத்தான போக முடியும். விசயம் தெரிஞ்சதும், பொண்ணாப் பிறந்தா வடிவுன்னு வைப்பியாட்டின்னு ஆசையாக் கேட்டேன். ஃபோன வச்சுட்டா. அப்புறம் ரொம்ப நாளு பேச்சே இல்ல. போன வாரம் அவளே கூப்பிட்டு, வளைகாப்புக்கு முன்னாலயே வந்து என்கூட இரும்மா, எனக்குப் பயமா இருக்குன்னா. குரலு சின்னப் பிள்ளை குரலு மாதிரி இருந்துச்சு. நான் ஆடிப் போயிட்டேன். ஆனா ஒண்ணு சொன்னா. “அந்தத் துணிய எடுத்துட்டு வராத. வளையலு, பலகாரம் எல்லாம் அப்பா கொண்டு வரட்டும். நீ வெறுங்கையோட வா. துணியோட வந்தேன்னா வாசல்லயே நின்னு அப்படியே திரும்பிப் போயிரும்மா”ன்னா. அதட்டிச் சொல்லல. கெஞ்சுத மாதிரி சொன்னா. இனி இவளும் கதவச் சாத்திட்டான்னா நான் எங்கம்மா போவேன்?

இரு, அவதான் கூப்பிடுதா.

ஆமாட்டி, ஏறிட்டேன். கோயில்பட்டி தாண்டிட்டு. சாப்பிட்டேன். இல்ல, ஒண்ணும் கொண்டு வரல. வெறுங்கைதான். சத்தியமாத்தான். பக்கத்துல யாரோ ஒரு பிள்ளை உக்காந்திருக்கா, அவகிட்டதான் பேசிக்கிட்டு வாரேன். சரி, பாத்து இறங்குதேன். வச்சிருதேன். சரி வடிவு.

கேட்டிருக்குமா? அதுக்கு முந்தியே வச்சிட்டாளோ என்னமோ. கேட்டிருக்காது.

என்னைய அப்படிப் பாக்காத. நான் பொய் சொல்லல. மதுரை போறதுக்குள்ள வெறுங்கை ஆயிருவேன். அதுக்குத்தான் ஒரு வழி யோசிச்சேன். நீ வந்து உக்காந்ததுமே யோசிச்சிட்டேன். கொஞ்சம் அந்தப் பக்கமாத் திரும்பு. ஒண்ணும் செய்ய மாட்டேன், சும்மா ஒரு சாண் வச்சுப் பாக்கேன். நான் சொல்லல? பதினஞ்சு. ஒரு நூல் கூடக் குறையல. உனக்குன்னே தச்ச மாதிரி இருக்கும். கல்யாணமும் ஆகல. ஒரு தடவ உடுத்தினாப் போதும்மா. உடுத்தக்கூட வேண்டாம், இந்தா, இந்தச் சேலைய இப்படி மேல போத்திக்க, சாத்தூர் வார வரைக்கும். பச்சைக் கலரு, அவளுக்குப் பிடிச்ச கலரு. போத்திக்கிட்டு வச்சுக்க, நீயே வச்சுக்க. எம் பிள்ளைக்கும் துணி போய்ச் சேந்துரும், நானும் வெறுங்கையோட அவ வீட்டுப் படி ஏறிருவேன். ரெண்டு பிள்ளைக்கும் நல்லதுலா?

எங்கம்மா எந்திரிக்க? சாத்தூர்தான வந்திருக்கு. மதுரைன்னுலா சொன்ன நீ? கூட்டத்துல ஏன் இப்படி இடிச்சுக்கிட்டு? பைய மிதிச்சிராத, அம்மா, மிதிச்சிராத. சரி, போ. பாத்து இறங்கு.

போயிட்டா.

நல்ல பிள்ளைதான். பயந்துட்டா போல. வெள்ளரிக்காக்காரன் கூப்பாட்டுல அவ எந்தப் பக்கம் போனான்னுகூடத் தெரியல.

சரி, சீட்டு காலியாத்தான கிடக்கு. நீ உக்காந்துக்க வடிவு. ஜன்னலோரம், உனக்குப் பிடிச்ச இடம். இந்தா, பைய உன் பக்கத்துலயே வச்சிருதேன். காத்து நல்லா வருதா? மதுரையில இறங்கினதும் என் பின்னாலயே வா. அவ வீட்டுக்குள்ள போனதும் சத்தம் மட்டும் காட்டாத தாயி. பீரோவத் திறக்காத. கட்டில்ல போயி உக்காராத, அவ வயித்துப் பிள்ளைக்காரி. நான் வெறுங்கையோட வாரேன்னு சத்தியம் பண்ணிருக்கேன்.